ட்ரேமேல் நிற்கிறவர்

மதியச் சாப்பாட்டுக்கு வேலையாட்கள் வெளியே போயிருந்த நேரத்தில் நானும் என் கொழுந்தனும் அந்தக் கட்டடத்தின் அடித்தளத்துக்குள் இறங்கினோம். பழைய மருத்துவமனை. மேலே வார்டுகளைப் புதுப்பித்துக்கொண்டிருந்தார்கள். கீழே, சன்னலே இல்லாத நீண்ட நடைபாதையின் கூரையை ஒட்டி, மின்கம்பிகளைச் சுமக்கும் கேபிள் ட்ரே ஓடியது. படுக்கவைத்த இரும்பு ஏணி மாதிரி இருக்கும். அதைப் பட்டறையில் வெட்டி, மடக்கி, வெட்டிய ஓரங்களை அரத்தால் தேய்த்துக் கொடுப்பது என் வேலை. கூரையிலிருந்து தொங்கவிட்டு மாட்டுவது என் வீட்டுக்காரர் வேலையாக இருந்தது.

இதே நடைபாதையில், போன மாதம், ட்ரேயோடு விழுந்து செத்துப்போனார்.

"யாரும் சொல்லாம தானா மேல ஏறி நடந்தான்" என்றார் சூப்பர்வைசர். ட்ரேமேல் கால் வைக்கக் கூடாது என்பது இந்தத் தொழிலில் முதல் நாளே சொல்லித்தருவது. அதனால் எல்லோரும் நம்பினார்கள். சாவுக்கு வந்தவர்களே என் காதுபட, "கொழுப்பெடுத்து ஏறியிருக்கான்" என்றார்கள். என் மாமியார் இன்றைக்கும் சோற்றில் கை வைத்துவிட்டு அப்படியே நிறுத்தி என்னைக் கேட்கிறார்: "ஏம்மா ஏறுனான்?"

ஏன் என்று எனக்குத் தெரியும். முந்தின இரவு அவரே சொன்னார். வேலை சீக்கிரம் முடியவேண்டும் என்று ட்ரேயைத் தாங்கும் சப்போர்ட்டை ஒன்றுவிட்டு ஒன்றாகத்தான் மாட்டச் சொல்லியிருந்தார் சூப்பர்வைசர். ஏறி நின்று வேலை செய்கிற சாரத்தையும் பிரித்து மேல்மாடிக்குக் கொண்டுபோய்விட்டார். நாளைக்கு ட்ரேமேலேயே ஏறி கேபிள் இழுக்கச் சொல்கிறார் என்றார். "முடியாதுன்னு சொல்லவேண்டியதுதானே" என்றேன். சிரித்தார். அந்தச் சிரிப்பை நினைத்தால் இப்போதும் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். பெண்டாட்டி சொல்வதை யார் சாட்சியாக எடுத்துக்கொள்வார்கள்?

இப்போது என்னைக் கூப்பிட்டதும் அந்த சூப்பர்வைசர்தான். என் வீட்டுக்காரர் விழுந்த இடத்தில் மாட்டிய புது ட்ரே தொய்ந்துபோகிறதாம். மாற்றினார்கள், அதுவும் தொய்ந்தது. சப்போர்ட்டை நெருக்கி மாட்டினார்கள், அப்போதும் தொய்ந்தது. "உங்க ட்ரே சொத்தை. செஞ்சவளையே அனுப்பு" என்று பட்டறைக்குப் போன் வந்தது.

தற்காலிக பல்புகள் மஞ்சளாக எரிந்தன. ஈரச் சிமென்ட்டும் வெட்டிய இரும்பின் கருகிய நாற்றமும் தொண்டையில் இறங்கின. கொழுந்தன் அண்ணாந்து பார்த்தான்.

"அண்ணி, இதுமேல இன்னும் ஒரு கேபிள்கூட போடல. நம்ம சூப்பர்வைசரைத் தூக்கிக் காயப்போட்டாக்கூட இவ்வளவு வளையாது."

எனக்குச் சிரிப்பு வரவில்லை. இரண்டு சப்போர்ட்டுகளுக்கு நடுவே ட்ரே வயிறு மாதிரி கீழே தொங்கியது. என் கையால் செய்தது. தகட்டின் கனம் எனக்குத் தெரியும். வெறுமனே இருந்து இப்படி வளையாது.

தொய்வை நூல் பிடித்து அளக்கலாம் என்று பையைத் திறந்து, முதலில் கைக்கு வந்த அரத்தை வெளியே எடுத்தேன்.

மேலே 'டிங்' என்றது.

கூரையில் யாரும் இல்லை.

மறுபடி 'டிங்'. அடுத்த குறுக்குக்கம்பியில். பிறகு அதற்கடுத்ததில்.

தொய்வு நகர்ந்தது. தொங்கிய இடம் நிமிர, அதன் பக்கத்து இடம் தாழ்ந்தது. ஓர் ஆள் நடந்தால் எப்படி இருக்குமோ அப்படி. என் தலைக்கு நேர் மேலே வந்து நின்றது. நெற்றியில் சிமென்ட் தூள் உதிர்ந்தது.

"அண்ணி, போயிடலாம்" என்று கிசுகிசுத்தான் கொழுந்தன். அவன் கை என் முந்தானையைப் பிடித்திருந்தது. அவன் மீசைக்கும் அதற்கும் பொருத்தமே இல்லை.

பயம் எனக்கும்தான். அதைவிடக் கோபம் வந்தது.

"இப்ப வந்து நிக்கிறீங்களே" என்றேன் கூரையைப் பார்த்து. "அன்னைக்கு ஒரே ஒரு தடவை முடியாதுன்னு சொல்ல வாய் வரலையா உங்களுக்கு? உங்கம்மாவுக்கு நான் என்ன பதில் சொல்றது?"

ட்ரே இன்னும் கொஞ்சம் தாழ்ந்தது.

"யார்கிட்ட பேசிட்டு இருக்கே?"

சூப்பர்வைசர். பல் குத்திக்கொண்டே வந்தார். சாப்பாட்டை முடித்த ஆட்கள் அவருக்குப் பின்னால் வாசலில் நின்றார்கள்.

"பாத்தியா உன் கைவேலையை? அவன் மாட்டினதும் உருப்படல, நீ செஞ்சதும் உருப்படல. நல்ல ஜோடி."

"அவரை ஏறச் சொன்னது யாரு சார்?"

"ஆரம்பிச்சிட்டியா? தானா ஏறினான்."

கிர்ர்ர் என்று ஒரு சத்தம். கூரையிலிருந்து ட்ரேயைத் தொங்கவிட்டிருந்த மரை வெட்டிய கம்பிகளில், சப்போர்ட்டுக்கு அடியில் இருந்த நட்டுகள் சுற்றத் தொடங்கின. ஸ்பேனர் இல்லை. கை இல்லை. வரிசையாக எல்லாம் சுற்றிக்கொண்டு கீழே இறங்க, அவற்றோடு ட்ரேயும் இறங்கியது.

வாசலில் நின்றவர்கள் ஓரடி பின்வாங்கினார்கள்.

"யாருடா மேல?" என்று கத்தினார் சூப்பர்வைசர். குரல் கீச்சென்றது.

"சொல்லுங்க சார். யார் ஏறச் சொன்னது?"

"எனக்கென்ன தெரியும்? குடிச்சிருந்தானோ என்னமோ..."

என் வீட்டுக்காரர் குடிக்கிறவரே இல்லை. கம்பி முடிந்த பிறகும் நட்டுகள் வெறும் காற்றில் ஊளையிட்டுக்கொண்டு சுழன்றன. ட்ரே சூப்பர்வைசரின் உச்சந்தலைக்கு வந்தது. ஓட நினைத்தார், கால் எழவில்லை. குனிந்தார். ட்ரேயும் கூடவே இறங்கியது. முழங்காலை ஊன்றி உட்கார்ந்தார். குறுக்குக்கம்பி அவர் பிடரியைத் தொட்டது.

"வேண்டாம்... எடுக்கச் சொல்லும்மா... அவன்கிட்ட சொல்லும்மா..."

"என்கிட்ட கேக்காதீங்க. அவங்க எல்லார் முன்னாலயும் உண்மையைச் சொல்லுங்க."

"நான்தான்!" என்று அலறினார். "நான்தான் ஏறச் சொன்னேன்! சப்போர்ட் பாதி போதும்னு சொன்னதும் நான்தான்! அவன் ஆடுதுன்னு சொன்னான். நான்தான் திட்டி ஏத்தினேன்!"

ஆடுது என்று சொல்லியிருக்கிறார். வாயைத் திறந்திருக்கிறார். எனக்கு அது தெரியாது. சுவரைப் பிடித்துக்கொண்டேன்.

நட்டுகள் நின்றன.

வாசலில் நின்ற பெரியவர் ஒருவர் தலைக்கவசத்தைக் கழற்றினார். "அவனைப் போய் கொழுப்புன்னு பேசினோமேடா" என்றார். இனி என் மாமியாரிடம் சொல்ல ஒரு பதில் இருந்தது. சாட்சிக்கு இத்தனை பேர் இருந்தார்கள்.

கொழுந்தன் ட்ரேயை ஒரு கையால் உயர்த்தினான். இலகுவாக எழும்பியது. ஓர் ஓரத்தில் கண்ணை வைத்துப் பார்த்தேன். கோடு கிழித்தமாதிரி நேராக இருந்தது. எந்தத் தொய்வும் இல்லை.

"போயிட்டாரு அண்ணி" என்றான். அழுதுகொண்டிருந்தான்.

நானும் அப்படித்தான் நினைத்தேன்.

சூப்பர்வைசர் எழ முயன்றார். முடியவில்லை. இரண்டு பேர் அக்குளில் கை கொடுத்தார்கள். அவர்களால் தூக்க முடியவில்லை. இன்னும் இரண்டு பேர் வந்தார்கள்.

"என்னய்யா இந்த ஆளு இந்தக் கனம் கனக்கிறாரு?"

நான்கு பேர் சேர்ந்து நிறுத்தினார்கள். முதுகு வளைந்து, சுவரைப் பற்றிக்கொண்டு படிக்கட்டை நோக்கி அவர் திரும்பினார். ஒவ்வொரு அடிக்கும் நின்று மூச்சு வாங்கினார்.

அப்போதுதான் அவர் முதுகுப்பக்கம் வெளிச்சத்துக்கு வந்தது. வெள்ளைச் சட்டையின் இரண்டு தோள்களிலும் சிமென்ட் தூளில் பதிந்த பூட்ஸ் தடங்கள். வலது தோளில் ஒன்று, இடது தோளில் ஒன்று. நாங்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, வலது தடம் கொஞ்சம் நகர்ந்து, வசதியாக ஊன்றிக்கொண்டது.

ஆட்கள் என்னைப் பார்த்தார்கள். கொழுந்தனும் பார்த்தான். நான் ஒரு வார்த்தை சொன்னால் என் வீட்டுக்காரர் இறங்கிவிடுவார் என்று எல்லோருக்கும் தோன்றியிருக்க வேண்டும்.

நான் அரத்தைப் பையில் போட்டு நாடாவை இறுக்கிக் கட்டினேன்.