ஸோஷாவின் தட்டு

நாள் முழுக்க வெயில் கொளுத்தி ஓய்ந்த, கிறிஸ்து பிறந்த நத்தாருக்கு முதல்நாள் மாலையில், சிட்னியின் அந்தப் பழைய பலகை வீட்டுக் குசினியில், மழையே இல்லாமல் ஈரமண் மணத்தது. வசந்தினி குப்பை வாளியைக் கழுவினாள், அலமாரிகளை முகர்ந்து பார்த்தாள். மணம் தரைப் பலகைகளின் இடுக்கிலிருந்து வந்தது.

அவள் பராமரிக்கும் மூதாட்டி ஹெலேனாவுக்கு உடம்புதான் இங்கே. மனம் இன்னும் போலந்துக் குக்கிராமத்தில். விடிந்தால் வாத்துகளுக்குத் தீனி, கிணற்றுத் தண்ணீர், கறுப்பு ரொட்டி என்றுதான் பேச்சு. இன்று உருளைக்கிழங்கு உரித்தபடி, அந்த ஊரில் தன் வீட்டு வேலைக்காரியாக இருந்த ஸோஷாவைப் பற்றிச் சொன்னாள்.

"நான் கட்ட இருந்தவன் அவளைப் பார்த்துச் சிரிச்சான். கிழங்கு எடுக்க, அதைக் குளிருக்குச் சேமிக்கிற நிலக்குழிக்குள்ள இறங்கினாள். மேல் கதவைப் பூட்டிப்போட்டன். பனி மூடிட்டுது. ஓடிட்டாள் எண்டு ஊர் நம்பிச்சு."

அகதியாக வந்து வில்லாவுட் தடுப்பு முகாமில், வெளியிலிருந்து பூட்டிய கதவை வருடக்கணக்காகப் பார்த்துக் கிடந்தவள் வசந்தினி.

நத்தார் மேசையில், எதிர்பாராமல் வருபவருக்கென்று ஒரு வெறும் தட்டு வைப்பது ஹெலேனாவின் ஊர் வழக்கம். "அதில ஒண்டும் போடாதை" என்று வருடா வருடம் சொல்வாள். வானத்தில் முதல் நட்சத்திரம் தெரிந்ததும், செத்தவர்களுக்குப் படைப்பதுபோல வசந்தினி அதில் ஆவி பறக்கும் கிழங்கை வைத்தாள்.

"பசியோட போனவள். வந்து தின்னட்டும், அன்ரி."

தரைக்கு அடியில் தட்டும் சத்தம் கேட்டது. முதலில் தூரத்தில். பிறகு மேசைக்கு நேர் கீழே. ஹெலேனாவின் மூச்சு பனிக்காலத்தில்போலப் புகையாக வந்தது.

எதிர்க் கதிரையில் யாருமில்லை. கிழங்கில் பல் பதிந்தது. ஒரு கடி. இன்னொரு கடி. தட்டு காலி.

கதிரை நகர்ந்தது. ஹெலேனாவின் பக்கம்.

வசந்தினி வெளி விறாந்தைக்கு ஓடினாள். வாசல் கதவை இழுத்துச் சாத்திப் பூட்டினாள்.

"பிள்ளை, திற." உள்ளே கைகள் கதவை அறைந்தன.

சாவி அவள் கையில்தான் இருந்தது. பயம் மட்டுமல்ல. அடைபட்டுக் கிடப்பது எப்படியென்று பூட்டினவளுக்கும் தெரியட்டும் என்று நினைத்தாள்.

சத்தம் அடங்கியது.

பிறகு, அவள் நின்ற விறாந்தைப் பலகைக்குக் கீழே, காலுக்கு நேராக, தட்டும் சத்தம். இரண்டு பேர் தட்டினார்கள். இடுக்கால் மண் அப்பிய விரல்கள் மேலே வந்தன. ஒன்றில் ஹெலேனாவின் மோதிரம் இருந்தது.