மேல்வீட்டுச் சூடு

"உன் அடுப்புச் சூடெல்லாம் என் வீட்டுக்குத்தான்டி ஏறுது. தலைவலி மண்டையைப் பிளக்குது."

"ஏறுதா? மேல எந்தப் பக்கம்னு கொஞ்சம் கையக் காட்டுங்கக்கா."

ஐந்தாம் விண்குடியிருப்பில் இது வழக்கமான காலைதான். கோபத்தில் கையை வீசிய வேகத்தில் இருவரும் எதிரெதிர்த் திசையில் மிதந்துபோய், கம்பியைப் பிடித்துத் திரும்பி வந்து சண்டையைத் தொடர்ந்தார்கள். எடையில்லாத ஊரில் மேலும் கிடையாது, கீழும் கிடையாது. ஆனாலும் நம்மவர்கள் குடிவந்த கையோடு ஒரு வரிசைக்கு மேல்வீடு, மறு வரிசைக்குக் கீழ்வீடு என்று பெயர் வைத்துவிட்டார்கள். மேல்வீட்டுக்காரர்கள் சூட்டுக்குப் புலம்பவும் பழகிவிட்டார்கள்.

மேல்வீட்டுக் கோமளவல்லியின் புகார் உறுதியானால் கீழ்வீட்டுத் திலகராணியின் அடுப்புக்கு முத்திரை விழும். மகள் யாழரசியோடு சமைத்து விற்றுத்தான் அவள் பிழைக்கிறாள். விசாரிக்க நடுவன் வந்தது. குடியிருப்பு வழக்குகளைத் தீர்க்கும் இயந்திரன். வேலை வெட்டியை விட்டுவிட்டுக் கூட்டமும் வந்தது.

"வெப்பச்சலனம் சார்," என்றாள் கோமளவல்லி. "நானும் படிச்சவதான். சூடு மேலதான் போகும்."

"அதன் ஆங்கிலப் பெயரான கன்வெக்‌ஷனுக்கு மூலம் ஓர் இலத்தீன் சொல், அம்மா. சேர்த்துச் சுமந்து போவது என்று பொருள்," என்றது நடுவன். "சூடான காற்று லேசாகி, வெப்பத்தையும் சுமந்துகொண்டு மேலே போகும். லேசாவதற்கு முதலில் எடை வேண்டுமே. இங்கே விசிறி தள்ளினால்தான் காற்று நகரும். நிறுத்தினால் உங்கள் சூடும் நீங்கள் விட்ட மூச்சும் உங்கள் முகத்தைச் சுற்றியே நிற்கும். தலைவலிதான் வரும்."

மேல்வீட்டுக்குள் போய் அளந்தது. அடுப்புக்கு நேரே தரை குளிர்ந்து கிடந்தது. எதிர் மூலையில், ஒரு கன்னத்தின் அகலத்துக்கு மட்டும் சூடு. பக்கத்தில் விசிறி நின்றுபோயிருந்தது.

"விசிறியை ஏன் நிறுத்தினீர்கள்?"

"சத்தம் போடுது. ஒண்ணும் கேக்க மாட்டேங்குது."

"என்ன கேட்கவில்லை?"

கோமளவல்லி மெல்ல மிதந்துபோய் அந்தச் சூடான மூலையை மறைத்துக்கொண்டாள்.

"அந்த மூலைக்கு நேர் கீழதான் என் மக போன் பேசுவா," என்றாள் திலகராணி நிதானமாக. "உங்க பையன்கூடத்தான்க்கா."

புகார் தள்ளுபடியானது. அந்த வருஷமே கோமளவல்லியின் மகன் மதிவாணனுக்கும் யாழரசிக்கும் கல்யாணம். விருந்து அதே அடுப்பில். தம்பதி நிலாவுக்குக் குடிபெயர்ந்தார்கள். அங்கே கொஞ்சம் எடை உண்டு. சூடு ஒழுங்காக மேலே போகும். ஆனாலும் சுவருக்கு நடுவே வெற்றிடம் விட்டுக் கட்டிய வீடுதான் வேண்டும் என்று பிடிவாதமாக நின்றார்களாம். வெப்பம் கடத்தாது என்று மட்டும் தரகரிடம் காரணம் சொன்னார்கள்; சத்தமும் கடத்தாது என்பதைச் சொல்லவில்லை.

பக்கத்து வீட்டுக்குக் கோமளவல்லியும் குடிபோய்விட்டாள். விசிறி இல்லாத வீடாகப் பார்த்து.