கன்னியம்மாவின் பச்சை ரவிக்கை

இந்தியாவில் பொய் சொல்லாத கேமரா ஒன்றே ஒன்றுதான் இருந்தது. 1968-இல் அது தாம்பரத்தில், அசரியாவின் கழுத்தில் தொங்கிக்கொண்டிருந்தது. இதைச் சொன்னவனும் அசரியாதான். வேறு சாட்சி தேவைப்படவில்லை.

"ஸ்டூடியோக்காரன் பவுடர் பூசி, சீப்பைக் கையில குடுத்து, 'கொஞ்சம் சிரிங்க'ன்னு கெஞ்சுவான். நான் கலைஞன்டா! ஆதிகுடிகளை உள்ளது உள்ளபடி எடுக்கிறவன்" என்று கல்லூரி விடுதியில் முழங்குவான்.

அன்று நல்ல மழை... தாம்பரம் பிளாட்பாரத்தில், எழும்பூர்க் கண்காட்சிக்குப் போகும் படங்கள் நனைந்துவிட்டனவோ என்று உறையைப் பிரித்தான். பக்கத்தில் குடையை மடக்கிய பெண் எட்டிப் பார்த்தாள். இமையில் ஒரு துளி, விழலாமா வேண்டாமா என்று நின்றது... அசரியாவுக்கு ஃபோகஸ் தவறியது.

"யாருங்க இது?"

"இருளர் பெண்மணி. வண்டலூர் பக்கம். பேர் தெரியாது."

"பேரு கன்னியம்மா. என் சின்னம்மா."

அவளுடைய கஞ்சி போட்ட புடவையையும் கைக்கடிகாரத்தையும் பார்த்தான். "நீங்க இருளரா? பார்த்தா தெரியலையே..."

"எப்படித் தெரியணும் சார்? ரவிக்கை இல்லாமலா?" துளி விழுந்துவிட்டது, கண்கள் எரிந்தன. "நான் அம்மணி. சேலையூர்ல டீச்சர். சர்க்கார் கேக்குதுன்னு சொல்லி அவங்க ரவிக்கையைக் கழட்ட வெச்சது நீங்கதானா? அன்னையிலேர்ந்து அவங்க வாசலுக்கே வரலை! ஆமா, படத்துல அவங்க கையில ஏது பாம்பு?"

"காலேஜ் லேப்... ஜாடியில இருந்தது."

"செத்த பாம்பு!"

"அசையாம இருந்தாத்தாங்க படம் நல்லா வரும்."

"இப்பவே கிழிச்சுப் போடுங்க."

"இது கலைங்க. உங்களுக்குப் புரியாது" என்று ரயிலேறிவிட்டான்.

குரோம்பேட்டை தாண்டியதும் மறுபடி உறையைப் பிரித்தான். படத்தின் கீழ் 'தொன்மையின் மௌனம்' என்று அவனே எழுதியிருந்தான். கன்னியம்மாவின் தோள்கள் ஒடுங்கியிருந்தன. பார்வை மண்ணில். அது மௌனம் இல்லை... கூச்சம். செத்துவிடலாம் என்பதுபோன்ற கூச்சம். பல்லாவரத்தில் இறங்கி, படத்தைச் சுக்குநூறாகக் கிழித்தான்.

ஞாயிற்றுக்கிழமை கன்னியம்மா வீட்டு வாசலில் அம்மணி மறித்தாள்.

"இன்னும் என்ன கழட்டணும்?"

"மன்னிப்புக் கேக்க வந்தேன். படத்தைக் கிழிச்சிட்டேன். நெகட்டிவைக் கொளுத்திட்டேன்."

"ஒரு கார்டு போட்டிருக்கலாமே."

"போட்டிருக்கலாம்... கார்டுல உங்களைப் பார்க்க முடியாதே. நாலு நாளா வேற எதையும் பார்க்க முடியலைங்க, அம்மணி."

அவள் தலையைத் திருப்பிக்கொண்டாள். காது மட்டும் சிவந்திருந்தது. "முதல்ல சின்னம்மா வெளியே வரட்டும். அப்புறம் உங்களைப் பத்தி யோசிக்கிறேன்."

உள்ளேயிருந்து குரல் வந்தது: "யாரு, டீச்சரு? அந்த சர்க்கார் ஆளா? நான் பச்சை ரவிக்கை போட்டுகினுதான் வருவேன், சொல்லிடு! பாம்பு கீம்பெல்லாம் தொடமாட்டேன்!"

கன்னியம்மா வாசலுக்கு வந்தாள். நிமிர்ந்து நின்றாள்.

அசரியா சட்டைப்பையிலிருந்து சீப்பையும் சின்னப் பவுடர் டப்பாவையும் எடுத்து அம்மணியிடம் நீட்டினான். பிறகு கேமராவுக்குப் பின்னால் முகத்தை ஒளித்துக்கொண்டு, யாருக்கும் கேட்டுவிடக் கூடாதே என்பதுபோல் மெல்லச் சொன்னான்:

"அம்மா... கொஞ்சம் சிரிங்க."