மகாராணி தலையில் போட்ட பழி

ஞாயிற்றுக்கிழமை காலை மாமியார் காபியைத் தொடாமல் தள்ளி வைத்தபோதே, அன்றைக்கு வீட்டில் யார் தலை உருளப்போகிறது என்பது மருமகளுக்குப் புரிந்துவிட்டது. வேறு யார் தலை? இருப்பதே ஒன்றுதானே.

அவள் கணவன் ரேடியோக்காரன். பன்னிரண்டு வருஷமாகக் காலை ஏழு மணிக்கு ஊரைச் சிரிக்க வைப்பவன். அதிகாரிகளை நேராகக் குறை சொல்ல நிலையத்தில் விடமாட்டார்கள். அதனால் எரியாத தெருவிளக்கு, மூடாத சாக்கடை எல்லாவற்றையும், "எங்க வீட்டு மகாராணி என்ன சொல்றான்னா..." என்று மனைவி வாயில் வைத்துவிடுவான். ஊர் சிரிக்கும். அதிகாரியும் சிரித்துவிட்டு, நாலாம் நாள் சாக்கடைக்கு மூடி போடுவார். அவனுக்கு ஊருக்கு உழைப்பவன் என்று பெயர். அவளுக்கு ராட்சசி என்று பெயர். அவள் ஒரு நாளைக்குப் பத்து வாக்கியம் பேசினால் அதிகம். வரிசையில் நின்று, விசாரித்து, அவனிடம் வந்து சுருக்கமாகச் சொல்வதோடு சரி. ஆனால் கடைக்காரர்கூட அவளைக் கண்டால் தராசை ஒருமுறை துடைத்துக்கொள்வார்.

போன வாரம் மகாராணி, "பெரிய ஆஸ்பத்திரி லிஃப்டுக்கு மூணு மாசமா உடம்பு சரியில்ல, அதுக்கே இன்னும் டோக்கன் கிடைக்கலையாம்" என்று சொல்லிவிட்டாள். லிஃப்ட் நன்றாகவே ஓடுகிறது என்று ஆஸ்பத்திரியிலிருந்து கடிதம் வந்தது. திங்கட்கிழமை மன்னிப்புக் கேட்க வேண்டும், இல்லையென்றால் நிகழ்ச்சி கிடையாது.

"லிஃப்ட் ஓடலன்னு எனக்குத் தெரியாதாம்மா?" என்றான் அவன். "உன்னையே நாற்காலியில வச்சுத்தானே இறக்கினாங்க."

"உண்மைதான்டா. அதுக்காக வேலைய விட்டுடுவியா? வீட்டுல இருக்கறவ ஏதோ உளறிட்டா, நான் நம்பிட்டேன்னு சொல்லிட்டுப் போ. அவ பேரு புதுசாவா கெடப்போகுது?"

லீவுக்கு வந்திருந்த நாத்தனாரும் ஒத்து ஊதினாள். "ஆமா அண்ணி, நீங்க ஒண்ணும் தப்பா எடுத்துக்க மாட்டீங்க."

தப்பாக எடுத்துக்கொள்ளாமல் இருப்பதே அண்ணியின் வேலை என்று அந்த வீட்டில் எப்போதோ முடிவாகியிருந்தது. அவள் ஈரக்கையை முந்தானையில் துடைத்தாள்.

"சொல்லிடுங்க" என்றாள் கணவனிடம். "இத்தனை வருஷம் மகாராணி தலையிலதான போட்டீங்க. இதையும் போட்டுடுங்க."

அவன் அவளைப் பார்த்தான்.

மறுநாள் ஏழு மணிக்கு மூன்று பெண்களும் ரேடியோ முன்னால் உட்கார்ந்தார்கள்.

"ஒரு மன்னிப்புக் கேக்கணும்" என்றது ரேடியோ. மாமியார் நிம்மதியாக மூச்சு விட்டாள். "என் சம்சாரத்துக்கிட்ட. இவ்வளவு நாள் நீங்க சிரிச்ச ஒரு வார்த்தைகூட அவ சொன்னதில்ல. வாய் என்னுது, கால்தான் அவளுது. எந்த வரிசையிலயும் நான் நின்னதில்ல. லிஃப்ட் ஓடலங்கறதும் அவ உளறினதில்ல. எங்க அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் ஆச்சு. ஒரு கண்ணுல கட்டு, பயத்துல இன்னொன்ன அம்மாவே மூடிக்கிட்டாங்க. மூணு மாடி. ஆஸ்பத்திரியில தூக்க ஒரே ஆள்தான் இருந்தாரு. நாற்காலியோட முன்பக்கத்தத் தூக்கினது என் சம்சாரம். அம்மா அவள ஆஸ்பத்திரி ஆளுன்னு நெனச்சு, 'எருமை மாடே, பாத்து இறங்கு'ன்னு மூணு மாடியும் திட்டிக்கிட்டே வந்தாங்க. அப்ப நான் இங்க உக்காந்து உங்களச் சிரிக்க..."

அத்தோடு பாட்டைப் போட்டுவிட்டார்கள்.

"வேலை போச்சு" என்றாள் நாத்தனார்.

"போகட்டும்" என்றாள் மாமியார். பிறகு மருமகள் பக்கம் திரும்பினாள்.

"ஏம்மா... அன்னைக்கே நான்தான்னு ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?"

"பயத்துல இருந்தீங்க அத்தை. நான்னு தெரிஞ்சா இறங்கியிருக்க மாட்டீங்க."

மாமியாருக்குக் கண் நிரம்பியது. டாக்டர் அழக் கூடாது என்று சொல்லியிருந்தார். அதையெல்லாம் யார் கேட்டார்கள். மருமகளின் இரண்டு கைகளையும் இழுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டு, உள்ளங்கையைத் தடவித் தடவிப் பார்த்தாள்.

"ரொம்ப கனமா இருந்தேனா?"

மருமகள் நேர்மையாக யோசித்தாள்.

"ரெண்டாவது மாடி வரைக்கும் இல்ல, அத்தை."