வாசலில் புதைத்த பானை

அந்தக் குரல் கேட்டதா இல்லையா என்று ஃபுயுமியால் இன்றைக்கும் உறுதியாகச் சொல்ல முடியாது. மூன்று பேரிடம் மூன்று தடவை சொல்லியிருக்கிறாள். ஒன்று மற்றதோடு ஒத்துவரவில்லை. ஒரு தடவை அது சின்னப் பிள்ளையின் குரலாக இருந்தது. இன்னொரு தடவை குரலே இல்லை, காதுக்குள் ஒரு வெதுவெதுப்பு மட்டும்தான். மழை எப்போது விட்டது, கணவன் கோஹெய் தன் கையைப் பிடித்திருந்தானா என்பதெல்லாம் நாளாக ஆக நினைவில் இடம் மாறிக்கொண்டே இருக்கின்றன. ஒன்று மட்டும் மாறவில்லை. பதில் சொன்னது அவள்தான். கூட இருந்த நான்கு பேரும் அதைக் கேட்டார்கள்.

புகைதான் முதலில் தெரிந்தது என்று நினைக்கிறாள்.

வேன் கஷ்கொட்டைத் தோப்பின் ஓரத்தில் நின்றபோது மணி மூன்றரை. அக்டோபர் கடைசி வாரம். ஜப்பானில் அவோமொரியின் வடகோடியில் அந்த நேரத்துக்கே வெளிச்சம் கழுவிய துணிபோல வெளுத்துவிடும். சரிவில் ஐந்து குழிவீடுகள், நாலாயிரம் வருடத்துக்கு முன்பு இருந்த மாதிரியே மறுபடி கட்டி வைத்தவை. தரையை இடுப்பளவு தோண்டி, மேலே கஷ்கொட்டைக் கம்பம் நட்டு, வைக்கோலும் மண்ணும் போர்த்திய மேடுகள். தூரத்திலிருந்து பார்த்தால் ஏதோ பெரிய மிருகங்கள் முதுகைக் காட்டிப் படுத்திருப்பது போல இருந்தது. கடைசி மேட்டின் உச்சியிலிருந்து ஒரு நூல் புகை, தூறலில் கலையாமல், நேராக மேலே போய்க்கொண்டிருந்தது.

"அட, அடுப்பு மூட்டி வச்சிருக்கீங்க! குளிருக்கு நல்லதாப் போச்சு" என்றார் கூட வந்த பயணி ஒனோதெரா.

வழிகாட்டி ஸசாமொரி குடையை விரித்தவன் அப்படியே நின்றான். "காலையில வந்த ஆளு மூட்டியிருப்பாரு. பூச்சி அரிக்காம இருக்க வாரம் ரெண்டு தடவை புகை போடுவோம்" என்றான்.

வரவேற்புக் கொட்டகையில் கரும்பலகை தொங்கியது. புகை போடும் முறை, இந்த வாரம்: ஸசாமொரி. ஃபுயுமி அதைப் படித்தாள். யாரிடமும் சொல்லவில்லை.

அவளுக்கு அப்போது ஐந்தாம் மாதம். வயது நாற்பத்தொன்று. மூன்று வருடத்துக்கு முன்பு ஏழாம் மாதத்தில் ஒரு பெண்குழந்தை வயிற்றுக்குள்ளேயே அடங்கிப்போனது. அதற்குப் பிறகு இது. நாய் சுலபமாகக் குட்டி போடும் என்று பஞ்சாங்கத்தில் நாய்க்குரிய நாள் பார்த்து வயிற்றில் வெள்ளைத் துணி சுற்றிக்கொண்டு, கோவிலில் கும்பிட்டுவிட்டு வந்து ஒரு வாரம்தான் ஆகியிருந்தது. இந்தக் குழந்தை தங்கவேண்டும். உலகத்தில் வேறு எதுவும் அவளுக்கு வேண்டியிருக்கவில்லை. அது இன்னும் ஒரு தடவைகூட அசைந்ததாக அவளுக்குத் தெரியவில்லை. ராத்திரியெல்லாம் கையை வயிற்றில் வைத்துக்கொண்டு காத்திருந்து கண்ணடியில் கருவளையம் விழுந்துவிட்டது. அதைப் பார்க்கப் பொறுக்காமல் கோஹெய்தான் இந்தச் சுற்றுலாவுக்குப் பெயர் கொடுத்தான்.

"பத்தாயிரம் வருஷம் சண்டையே இல்லாம இருந்த சனங்க, ஃபுயு. அந்த மண்ணுல ரெண்டு நாள் இருந்தா மனசு அடங்கும்" என்று வரும் வழியில் வேனில் மறுபடியும் சொல்லியிருந்தான்.

"பத்தாயிரம் வருஷமா!" என்றாள் முன்சீட்டிலிருந்து ஒனோதெராவின் மனைவி ரிட்சு. "எங்க வீட்டுல பத்து நிமிஷம் தாங்குனாலே நான் கோவிலுக்கு விளக்கு வைப்பேன்."

"அந்தக் காலத்துப் பொம்பளைங்க வாயைத் திறந்திருக்க மாட்டாங்க போல" என்றார் ஒனோதெரா. செந்தாய் நகரத்தில் மீன் மொத்த வியாபாரம் பார்த்து ஓய்ந்தவர், குரல் இன்னும் ஏலம் விடுகிற குரல்தான். எல்லோரும் சிரித்தார்கள். ஃபுயுமியும் சிரித்தாள். அன்றைக்கு அவள் சிரித்தது அந்த ஒரு முறைதான்.

கடைசி வீட்டின் வாசல் ஓர் ஆள் குனிந்து நுழையும் அளவுதான். நிலைக்கு நடுவில் தரையோடு தரையாக ஒரு தட்டைக் கல். நிலைப்படியை மிதிக்கக்கூடாது என்று ஐந்து வயதிலேயே சொல்லி வளர்த்த கால்கள், யாரும் சொல்லாமலே கல்லைத் தாண்டி நடந்தன. முதலில் நுழைந்த ஒனோதெரா உள்ளேயிருந்து உரக்கக் கூவினார்:

"வந்துட்டேன்!"

"வாங்க" என்றாள் ரிட்சு, வெளியே மழையில் நின்றபடியே. சொன்ன பிறகுதான் அவளுக்கே உறைத்தது. "பாருங்களேன்! நாப்பது வருஷப் பழக்கம். வாசல்ல 'வந்துட்டேன்'னு சத்தம் கேட்டா போதும், தூக்கத்துலகூட நாக்கு தானா 'வா'ன்னுடுது."

"என் பொண்டாட்டியும் அப்படித்தான். மாடியில இருந்தாலும் சரி, குளியலறையில இருந்தாலும் சரி" என்றான் ஸசாமொரி.

"ஆனா இது யார் வீடோ! மரியாதையா நுழையுங்க." ரிட்சு இருட்டைப் பார்த்துக் குனிந்து, "இடைஞ்சலுக்கு மன்னிக்கணும்" என்று விருந்தாளியாகச் சொல்லிவிட்டு உள்ளே போனாள். ஃபுயுமியும் அதையே முணுமுணுத்தாள், கோஹெய்யின் தோளைப் பிடித்துக்கொண்டு ஒரு காலைத் தூக்கி வைத்தாள், கல்லுக்கு மேலே ஒரு கணம் இரண்டு காலுக்கும் நடுவில் வெதுவெதுப்பாக ஏதோ காற்று ஏறியது போல இருந்தது, பிறகு மற்றக் காலையும் எடுத்து உள்ளே வைத்தாள்.

உள்ளே இருட்டு மெல்ல மெல்லத்தான் பிரிந்தது. முதலில் கம்பங்கள், பிறகு கம்பங்களுக்குப் பின்னால் கரி படிந்த வைக்கோல், பிறகு நடுவில் கல் வளைத்த அடுப்புக் குழி. ஈர வைக்கோலின் புளித்த வாடை, கரிப்புகை, மண். இதற்கெல்லாம் அடியில் இன்னொரு வாடை இருந்தது, அதைத் தெரிந்துகொள்ள அவளுக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது. தாய்ப்பால். அந்தக் குழந்தையை எரித்துவிட்டு வந்த மறுநாள் அவளுக்குப் பால் கட்டியது. யாருக்கும் இல்லாத பாலைத் துணியில் பீச்சிப் பீச்சி, அந்தத் துணிகள் அலச அலசப் போகாத வாடை.

ஸசாமொரி குந்தி உட்கார்ந்து சாம்பலுக்கு மேலே உள்ளங்கையை வைத்தான். பிறகு விரலை உள்ளே விட்டான்.

"சூடு இருக்கா?" என்றான் கோஹெய்.

"ஈரமா இருக்கு" என்றான் அவன். விரலைக் கால்சட்டையில் துடைத்துக்கொண்டான். துடைத்துக்கொண்டே இருந்தான்.

ஆனால் வீடு கதகதப்பாக இருந்தது. யாரோ படுத்து எழுந்த மெத்தையின் கதகதப்பு. எல்லோரும் மேல்சட்டையின் ஜிப்பை இறக்கிக்கொண்டார்கள். ஸசாமொரி பையிலிருந்து ஓக் மரக் கொட்டை மாவில் சுட்ட வட்ட வட்டமான ரொட்டிகளை எடுத்து நீட்டினான். ஒனோதெரா ஒன்றைக் கடித்து, "பல்லு போன சனங்க எப்படித் தின்னாங்க இதை?" என்றார். யாரும் சிரிக்காததால் மென்றுகொண்டே இருந்தார். அந்த மெல்லும் சத்தம் கூரையில் பட்டுத் திரும்பியது.

"வாசல்ல அந்தக் கல்லு எதுக்கு?" என்றாள் ரிட்சு.

"பானைக்கு மூடி. கழுத்து வரைக்கும் மண்ணுல புதைச்ச பானை. இந்த வீட்டைப் பழைய வீடு இருந்த இடத்துலயேதான் கட்டியிருக்கோம். பானையை எடுக்கல, அப்படியே விட்டுட்டோம்."

"உள்ள என்ன? தானியமா?"

ஸசாமொரியின் பார்வை ஃபுயுமியின் வயிற்றில் விழுந்து சட்டென்று விலகியது. "அது... ஆளுக்கு ஒண்ணு சொல்றாங்க."

"சொல்லுங்களேன். காசு கொடுத்து வந்திருக்கோம், பாதியை முழுங்குறீங்களே" என்றார் ஒனோதெரா.

"பொறந்ததும் போயிடுற குழந்தைங்க. பெத்தவ நடக்குற வழியில புதைப்பாங்களாம். தினமும் அவ அது மேல தாண்டிப் போவா, வருவா. என்னைக்காவது ஒருநாள் அது மறுபடி அவ வயித்துக்குள்ள ஏறிக்கும்னு." அவன் தொண்டையைச் செருமினான். "எல்லாம் ஊகந்தான். நாலாயிரம் வருஷம் ஆச்சு."

வைக்கோலில் மழை விழுகிற சத்தம் இல்லை என்பதை ஃபுயுமி அப்போதுதான் கவனித்தாள். காற்றும் இல்லை. வாசலின் சதுரத்தில் சாம்பல் வெளிச்சம். அதன் அடியில் கல்.

"ஃபுயு, கெளம்பலாமா?"

அவள் தலையசைத்தாள். எழுந்திருக்கவில்லை. வேறு வழி இருக்கிறதா என்று சுற்றிலும் பார்த்தாள். ஒரே வாசல். வரும்போது தெரியாமல் தாண்டினாள். இப்போது தெரிந்து தாண்டவேண்டும். நாலாயிரம் வருடம். அவள் வரவே இல்லை, அந்தத் தாய். செத்திருப்பாள், ஊரைவிட்டுப் போயிருப்பாள். கீழே அது மட்டும் காத்துக்கொண்டு. மேலே நடக்கிற ஒவ்வொரு காலடிக்கும் காது கொடுத்துக்கொண்டு.

அப்போது வயிற்றில் அசைந்தது.

முதல் அசைவு. மீன் வாலை அடித்த மாதிரி, அத்தனை தெளிவாக. இதற்காக எத்தனை ராத்திரி! அவள் கண்ணில் நீர் முட்டியது. கையை வைத்தாள். மறுபடி அசைந்தது. மேலே போயிற்று. விலாவுக்கு அடியில், எவ்வளவு மேலே போகமுடியுமோ அவ்வளவு. அங்கே போய்ச் சுருண்டு ஒட்டிக்கொண்டது. நடுங்கியது.

குழந்தை பயந்திருந்தது.

"கோஹெய், என்னைத் தூக்கிக்கோ."

"என்னம்மா?"

"தூக்கிட்டுப் போ. அந்தக் கல்லுமேல நான் தாண்ட மாட்டேன்."

"இவ்வளவு குனிஞ்சு தூக்கிட்டுப் போனா ரெண்டு பேரும் விழுவோம். ஒரு அடிதானே. கையைப் பிடி."

ஒனோதெரா தம்பதி முதலில் வெளியேறினார்கள். பிறகு ஸசாமொரி. கோஹெய் வெளியே போய்த் திரும்பிக் கை நீட்டினான். அவள் உதட்டை இறுக்கிக்கொண்டாள். நன்றி, விடைபெறுகிறேன், எதுவும் சொல்லக்கூடாது. வாயைத் திறக்கக்கூடாது. ஒரு கையால் வயிற்றுத் துணியை அழுத்திப் பிடித்தாள். வலது காலை எடுத்தாள். வெளியே வைத்தாள். இடது கால் இன்னும் உள்ளே. கல் நடுவில்.

கீழே இருந்து. மிக அருகில். ஓடி வந்து மூச்சு வாங்குகிற மாதிரி.

"வந்துட்டேன்."

"வா" என்றாள் ஃபுயுமி.

நாக்குதான் சொன்னது. அவள் சொல்லவில்லை. ஆனால் அவள் குரல். வேலை பார்க்கும் பள்ளிக்கூட அலுவலகத்திலிருந்து வந்து சமையலறையில் நிற்கும்போது கோஹெய்யின் செருப்புச் சத்தத்துக்குச் சொல்கிற அதே குரல். அன்பான குரல்.

வெளியே நான்கு முகங்கள். ரிட்சுவின் கையிலிருந்து ரொட்டி சேற்றில் விழுந்தது.

"யாருக்குச் சொன்ன?" என்றான் கோஹெய்.

அவன் பிடித்திழுத்தான், அவள் வெளியே வந்தாள். மழை கொட்டிக்கொண்டிருந்தது. கூரை உச்சியில் புகை இல்லை. வீட்டுக்குள்ளிருந்து குளிர் அடித்தது.

விடுதிக்குப் போய்ச் சேர்ந்ததும் குளிக்கப் போன இடத்தில் அவள் வயிற்றுத் துணியைச் சுற்றுச் சுற்றாக அவிழ்த்தாள். தொப்புளைச் சுற்றித் தோலில் சிவப்பாக ஒரு வரிசைத் தடம், சாய்ந்து சாய்ந்து, அந்தக் காலத்துப் பானை செய்கிறவர்கள் முறுக்கிய கயிற்றை ஈரக் களிமண்ணில் உருட்டினால் விழுமே, அதேபோல. கோஹெய் பார்த்துவிட்டு, துணி இறுகியதால் பதிந்திருக்கும் என்றான். துணி மெலிதான நூலில் நெய்த வெள்ளைப் பருத்தி. தடம் உள்ளேயிருந்து வெளியே புடைத்திருந்தது. தொட்டால் சூடாக இருந்தது.

தங்கள் ஊரான மொரியோகாவில் வழக்கமாகப் பார்க்கிற டாக்டர் அடுத்த புதன்கிழமை வயிற்றில் பசையைத் தடவிக் கருவியை ஓட்டினார். வெகுநேரம் ஓட்டினார். பழைய படங்களை எடுத்துப் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

"ரெண்டு துடிப்பு கேக்குது" என்றார். "போன மூணு தடவையும் ஒண்ணு பின்னாடி ஒண்ணு மறைஞ்சிருந்திருக்கும். அபூர்வம். ஆனா நடக்கும்."

திரையில் ஒன்று விலாவுக்கு அடியில் சுருண்டு ஒட்டிக்கொண்டிருந்தது. இன்னொன்று அதைவிடப் பெரியது. அதன் முகம் மேலே இருந்ததை நோக்கித் திரும்பியிருந்தது.

ஒவ்வொரு மாதமும் மேலே இருந்தது சிறுத்துக்கொண்டே வந்தது. ஏழாம் மாதம் துடிப்பு ஒன்றுதான். இரட்டையில் ஒன்று போய்விட்டால் மற்றது வளர வளர அதைச் சுவரோடு அழுத்திவிடும், தாள்போல ஆகிவிடும், தாய்க்கு ஆபத்தில்லை என்று டாக்டர் சொன்னார். எது போயிற்று என்று கோஹெய் கேட்கவில்லை. ஃபுயுமிக்குத் தெரியும். கடைசி நாள்வரை விலாவுக்கு அடியில் அந்த இடத்தை அவள் உள்ளங்கையால் மூடிக்கொண்டிருந்தாள்.

அந்த வீட்டை அடுத்த வசந்தத்தில் பழுது பார்த்தபோது கல்லைப் புரட்டினார்கள். பானை துடைத்து வைத்ததுபோல் காலியாக இருந்தது. ஸசாமொரி வழிகாட்டி வேலையை விட்டுவிட்டு ஹிரொசாகியில் ஆப்பிள் லாரி ஓட்டுகிறான். ஒனோதெரா அந்தக் குளிர்காலத்தில் மாரடைப்பில் இறந்தார். ரிட்சு மகனோடு இருக்கிறாள், வாசலில் யார் குரல் கொடுத்தாலும் பதில் சொல்வதில்லை. கோஹெய் மாற்றல் வாங்கிக்கொண்டு ஒசாகாவுக்குப் போய்விட்டான். ஃபுயுமியின் தாளாகிப்போன குழந்தையை ஒரு சின்ன மரப்பெட்டியில் வைத்து எரித்தார்கள். மற்றது மார்ச் மாதம் நல்ல எடையோடு பிறந்தது, பெண், பிறந்தபோது அழவில்லை. அது ஃபுயுமியிடம்தான் வளர்கிறது. அவளிடம்தான் பால் குடிக்கிறது.