ஏழாவது தோழி

முதலில் வந்தது சுண்ணாம்பு வாசனைதான். ஈரச் சுண்ணாம்பு. பத்து வருடமாக வெள்ளையே அடிக்காத வாடகை வீட்டில், பிற்பகல் மூன்று மணிக்கு, அப்படியொரு வாசனைக்கு வழியே இல்லை. வீட்டுக்காரருக்குத் திடீரென்று மனம் இளகிவிட்டதோ என்று சரித்திர ஆசிரியர் ஒரு கணம் நம்பினார். எதையும் நம்பிவிடுவது அவருடைய தொழில் வியாதி.

அந்தக்கால அரசிகளைப் பற்றி நானூறு பக்கம் எழுதியிருந்தார். படிக்கப்போவது நான்கு பேர். அதில் ஒருவர் அச்சுப்பிழை பார்ப்பவர். கடைசி அத்தியாயம், அரசன் இறந்த அன்று பன்னிரண்டு தோழியரோடு அந்தப்புர அறைக்குள் போய், வாசலைச் சுவர் எழுப்பி அடைக்கச் சொன்ன அரசியைப் பற்றியது. வாசலில் அவள் சொன்ன ஒரே சொல் அந்தக்கால ஓலை ஒன்றில் இருந்தது: 'வருகிறேன்.' விடைபெற்றாள் என்று அவர் விளக்கம் எழுதினார். போகிறவர்கள் எல்லோரும் அதைத்தானே சொல்கிறார்கள்.

அதே ஓலையின் தோழியர் பட்டியலில் ஏழாவது பெயரைப் பூச்சி அரித்திருந்தது. வேலை மட்டும் மிச்சம்: கூந்தல் வாருபவள். வரிசை எண் கலைந்துவிடாமல் இருக்க, பிறகு மாற்றிக்கொள்ளலாம் என்று, நேற்று அந்த இடத்தில் மகளின் செல்லப்பெயரைத் தட்டிவைத்தார். குண்டுமணி.

உள்ளறையில் சீப்பு இழுபடும் சத்தம் கேட்டது. நிதானமாக, உச்சியில் தொடங்கித் தரைவரைக்கும் இறங்குவதுபோல, மிக நீளமான இழுப்பு. மகளின் முடி தோளைத் தாண்டாது.

"என்ன பண்றே, குண்டுமணி?"

"தலை வாரி விடறேன்ப்பா."

"பொம்மைக்கா?"

"பொம்மைக்கு எங்க இவ்ளோ முடி? இவங்க உன்ன மாதிரி வழுக்கை இல்ல."

சிரித்தார். பாதியில் நின்றது.

"யாரும்மா?"

"பேரு சொல்ல மாட்டேங்கறாங்க. என் பேரு மட்டும் தெரிஞ்சிருக்கு."

கணினியில் ஏழாவது பெயரை அழித்தார். அழிந்தது. மேசையில் கிடந்த ஓலையின் புகைப்படத்தைப் பார்த்தார். பூச்சி அரித்த ஓட்டை இல்லை. அந்த இடத்தில் எழுத்து இருந்தது. பழைய எழுத்து, கூரான கீறல். முப்பது வருடப் பழக்கத்தில் கண் தானாகவே படித்துவிட்டது.

குண்டுமணி.

வருகிறேன் என்றவள் வந்துவிட்டிருந்தாள்.

ஓடினார். ஆறு தப்படி. உள்ளறைக் கதவு இருந்த இடத்தில் கதவு இல்லை. சுவர். ஈரமான, வெள்ளைச் சுவர். அறைந்தார். கை அரை அங்குலம் புதைந்தது. சில்லென்று இருந்தது.

சீப்புச் சத்தம் நின்றது.

அவர் இடுப்பு உயரத்தில், சுவருக்கு அந்தப் பக்கம், சின்னக் குரல்.

"அப்பா."

"இருடா. இரு. அப்பா இதோ..."

"கூப்பிடறாங்கப்பா. வரேன்."

அந்தச் சொல்லுக்கு அவரே விளக்கம் எழுதியிருந்தார்.

உள்ளே சீப்பு மறுபடி இறங்கத் தொடங்கியது. நீளமாக. அவருடைய உள்ளங்கையைச் சுற்றிச் சுண்ணாம்பு மெல்ல உலர்ந்துகொண்டிருந்தது.