முதுகுக்குப் பின்னால் இருந்த தலை

வந்தவள் அழவில்லை. அழுதிருந்தால்கூடப் பரவாயில்லை என்று சர்வேயருக்குத் தோன்றியது. நாற்காலியின் நுனியில் உட்கார்ந்து, கழுத்தில் தொங்கிய வழிகாட்டி அட்டையைக் கட்டைவிரலால் தேய்த்துக்கொண்டே பேசினாள்.

"எங்க அண்ணன் என்னைத் திருடின்னு சொல்றார் சார். கூடப் பிறந்தவர். அதையும் சிரிச்சுக்கிட்டே சொல்றார்."

சர்வேயர் காப்பீட்டுக் கம்பெனியில் காலமெல்லாம் எரிந்த கடைகளையும் உடைந்த பூட்டுகளையும் பார்த்து, நஷ்டம் நிஜமா நாடகமா என்று சொல்லிவிட்டு ஓய்வு பெற்றவர். அந்த வேலை அவருக்கு அசையாத முகத்தைக் கொடுத்தது; கூடவே ஒரு வியாதியையும் கொடுத்தது. பொய் வாடை அடித்தால் வயிற்றைப் புரட்டும். இப்போதே அவர் வெந்நீர் டம்ளரைத் தேடினார்.

எடுத்துக் கொடுத்தவர் அவருடைய மனைவியின் தம்பி. நாற்காலி வாடகைக்கு விடும் தொழில். எதையும் நிதானமாகச் செய்து பழக்கமில்லாததால், சொந்த அக்காவே அவரை 'அவசரம்' என்றுதான் கூப்பிடுவாள்.

"போன வாரம் நான் இவங்க ஊர் சுத்திக் காட்டற நடைக்குப் போயிருந்தேன் அத்தான்" என்றார் அவசரம். "கதை சொன்னாங்க பாருங்க, அப்படியே மெய்சிலிர்த்துப் போச்சு."

"நீ அப்புறம் சிலிர்த்துக்கலாம். நீ சொல்லும்மா, முதல்ல இருந்து."

அவள் சொன்னாள். பழைய நகரத்தைச் சுற்றிக் காட்டிக் கதை சொல்வது அவள் பிழைப்பு. காலை நடை கோட்டை வாசலில் தொடங்கி, குதிரை லாயம், வற்றிப்போன கால்வாய் என்று சுற்றி, அவள் பிறந்து, இப்போது அண்ணன் இருக்கும் வீட்டு முற்றத்தில் முடியும். மாலை நடை அதே முற்றத்தில் தொடங்கும். அங்கே சுவர் மாடத்தில் ஒரு வெண்கலத் தலை. வாய் திறந்த ஒரு பெண்ணின் தலை. நகைக்கு ஆசைப்பட்ட கொழுந்தன் பாலில் விஷம் வைத்து அண்ணியைக் கொன்றதாகவும், கணவன் அவள் முகத்தை வார்த்து வைத்ததாகவும் கதை.

"கதை உண்மையா?"

"தலை உண்மை சார். கதையைப் பாதி எங்க அப்பா கட்டினார், மீதி நான் கட்டினேன்."

சர்வேயருக்கு அவளைப் பிடித்துப்போனது. அன்று அவர் கேட்ட முதல் நேர்மையான வாக்கியம் அதுதான்.

"இன்னிக்குக் காலைல கூட்டம் கிளம்பினதும் பின்கட்டுல கை கால் கழுவப் போனேன். என் பை மாடத்துக்குக் கீழ ஆணியில தொங்குச்சு. பையை எடுத்துக்கிட்டு வீட்டுக்கு வந்துட்டேன். கொஞ்ச நேரத்துல அண்ணன் போன் பண்ணார். தலையைக் காணோம், உன் பைதான் அங்க இருந்ததுன்னார். நான் போனேன். நடையை இதோட விட்டுடறேன்னு சொல்லு, புகார் கொடுக்க மாட்டேன், மாலை வரைக்கும் டைம்னார். புகார் போனா டூரிஸ்ட் ஆபீஸ்ல இந்த அட்டையைப் பிடுங்கிடுவாங்க. விட்டுடறேன்னு சொன்னா நானே திருடின்னு ஒத்துக்கிட்ட மாதிரி. இந்த அட்டை இல்லைன்னா நான் யாருமே இல்லை சார்."

"திடீர்னு திருட்டு போச்சே, வீட்டுல வேற ஏதாவது நடக்க இருந்ததா?"

"நாளைக்குத் தொல்பொருள் ஆபீஸ்ல இருந்து வந்து தலையை எடுத்துப் பார்த்துப் பதிவு பண்ணப் போறாங்க. அவ்வளவுதான்."

"சரி. காலைல அந்தத் தலை எப்படி இருந்தது?"

அவள் கண்ணை மூடினாள். குரலே மாறிவிட்டது. "உடம்பெல்லாம் கறுத்துப்போன வெண்கலம். ஆனா எத்தனையோ பேரோட விரல் பட்டுப் பட்டு, உதடு மட்டும் பொன்னா மின்னும்..."

"அது நீ சொல்ற கதைம்மா. நீ பார்த்தது என்ன?"

அவள் கண்ணைத் திறந்தாள்.

"நான் பார்க்கிறது ஆளுங்க முகத்தை சார். கூட்டத்துக்கு முதுகு காட்டக்கூடாது, அதுதான் எங்க தொழில்ல முதல் பாடம். முதுகைக் காட்டினா குரல் போகாது, ஒருத்தன் கடைக்குப் போவான், ஒருத்தன் சாக்கடையில விழுவான். பின்னாடி நடந்தபடியே முற்றத்துக்குள்ள வருவேன், மாடத்துக்கு முன்னாடி நிப்பேன், கையை மட்டும் தோளுக்குப் பின்னாடி காட்டுவேன். அது பிறந்ததில இருந்து பார்த்த தலை. அதைத் திரும்பி வேற பார்க்கணுமா?"

"பார்த்திருக்கலாம்" என்றார் சர்வேயர்.

"நான் பார்த்தேன் அத்தான், தொட்டே பார்த்தேன்" என்று அவசரம் நாற்காலியை முன்னே இழுத்தார். "தொடாதீர்கள்னு ஒரு போர்டு மாட்டியிருந்தாங்க. யாரு கேட்டா? வாய்க்குள்ள விரலை விட்டு போட்டோ எடுத்துக்கிட்டேன்."

"போர்டு எப்பவும் உண்டா?" என்று சர்வேயர் அவளைக் கேட்டார்.

"இல்லை சார். முன்னெல்லாம் அண்ணனே தொட்டுப் பாருங்கன்னு ஆளுங்களைக் கூப்பிடுவார். இப்போ கொஞ்ச நாளாத்தான் போர்டு. கண்டவன் விரல் படறது அருவருப்பா இருக்குன்னார்."

"எந்த விரலை விட்டே?"

அவசரம் ஆள்காட்டி விரலை நீட்டினார். அதே விரலில் இப்போது பிஸ்கட் துகள் ஒட்டியிருந்தது.

"கழுவினியா?"

"கழுவாம? சோப்புப் போட்டுத் தேய்ச்சேன். அப்பவும் ஒரு பழுப்புக் கறை நகக்கண்ணுலயே நின்னுது. ஊரான் அழுக்குன்னு விட்டுட்டேன்."

சர்வேயர் பிஸ்கட் தட்டைத் தன்னிடமிருந்து தள்ளி வைத்தார். ஒரு பெண் விஷம் குடித்துச் செத்ததாகக் கதை கேட்டுவிட்டு, அவள் வாயில் விரலை விட்டுப் பல்லைக் காட்டிப் படம் எடுத்துக்கொள்கிற ஜென்மங்களை நினைத்தால் யாருக்கும் சாப்பாடு இறங்காது. அதில் ஒன்று தன் மச்சான் என்பது அவருக்குக் கூடுதல் சங்கடம்.

"போட்டோவைக் காட்டு."

போனில் அவசரம் பல்லெல்லாம் தெரியச் சிரித்துக்கொண்டிருந்தார். சர்வேயர் அவரைப் பார்க்கவில்லை. அவளுடைய விளம்பரத் தாளில் எப்போதோ எடுத்த அதே தலையின் படம் இருந்தது. இரண்டையும் பக்கத்தில் வைத்து வெகுநேரம் பார்த்தார்.

"அவங்க உதடு மின்னுதுன்னு சொன்னப்போ நீ என்ன பண்ணே மச்சான்?"

"ஆமாமான்னேன். எல்லாரும் தலையாட்டினாங்க, நானும் ஆட்டினேன்."

"நல்லா ஆட்டினே. கிளம்புங்க, போகலாம்."

அந்த வீட்டுக்குப் போகும் சந்து பற்றி நல்லதாக ஒரு வார்த்தை சொல்ல முடியாது. மன்னர் யானை மேல் போன வழி என்று அவள் கதை சொல்லும் இடத்தில் சுவர் முழுக்க மூத்திரக் கறை. கால்வாய் நிறையத் தண்ணீர் பாட்டில்கள். பெருமைப்பட்டுக்கொள்ளச் சரித்திரம், அசிங்கப்படுத்த அதே சுவர். சர்வேயர் கைக்குட்டையை மூக்கில் வைத்துக்கொண்டு நடந்தார்.

அண்ணன் வாசலிலேயே நின்றிருந்தார். தேய்த்த சட்டை, வாரிய தலை, இழுத்துப் பேசும் மென்மையான குரல்.

"வாங்க, வாங்க. இதுக்கெல்லாம் வெளி ஆளைக் கூட்டிக்கிட்டு வரணுமா தங்கச்சி? நான் உன்னை ஏதாவது சொன்னேனா? பாவம், ஏதோ கஷ்டம், கை நீண்டுடுச்சு. என் ரத்தம்தானே. எடுத்ததைக்கூடத் திருப்பிக் கேட்கலையே நான். இந்த ஊர் சுத்தற வேலையை விட்டுட்டு கௌரவமா வீட்டோட இருன்னுதானே சொல்றேன்."

திட்டியிருந்தால் தேவலை. இந்தப் பெருந்தன்மையைக் கேட்கத்தான் காதைப் பொத்திக்கொள்ள வேண்டியிருந்தது. அவள் தரையைப் பார்த்தபடி நின்றாள்.

முற்றத்து மாடம் காலியாக இருந்தது. உள்ளே இருட்டு. சர்வேயர் கையை விட்டு அடித்தளத்தைத் தடவி, விரலை வெளிச்சத்தில் பார்த்தார். நுனியில் வெள்ளையாக மாவு ஒட்டியிருந்தது. மாடத்தின் சுவரோ கருங்கல்.

"உங்க வீட்டுக் குப்பையை எங்க கொட்டுவீங்க?"

அண்ணனின் சிரிப்பு அப்படியே நின்றது. "குப்பையா? எதுக்கு?"

"பின்கட்டுல தொட்டி இருக்கு சார்" என்றாள் அவள். "வண்டி நாளைக்குக் காலைலதான் வரும்."

"மச்சான், எதுக்குள்ளயும் விரலை விடற ஆளு நீதான். போய்ப் பாரு."

அவசரம் போனார். பின்கட்டிலிருந்து ஓங்கரிக்கும் சத்தம் கேட்டது. அழுகிய காய்கறியும் புழுவும் ஊறிய தண்ணீரும் முழங்கை வரை வழிய, செய்தித்தாளில் சுற்றிய ஒரு பொட்டலத்தோடு திரும்பி வந்தார். அதைத் தரையில் பிரித்தார். உள்ளே உடைந்த துண்டுகள். வெளிப்புறம் பழுப்பு, உடைந்த இடமெல்லாம் வெள்ளை. ஒரு துண்டில் மூக்கும், இன்னொன்றில் திறந்த வாயில் பாதியும் இருந்தன.

"சுண்ணாம்புப் பொம்மை" என்றார் சர்வேயர். "மேல வெண்கலப் பெயின்ட். இதைத்தான் இந்த ஊரே கொஞ்ச நாளாத் தொட்டுக் கும்மாளம் போட்டிருக்கு."

"அப்போ என் விரல்ல இருந்த கறை?" என்றார் அவசரம்.

"பெயின்ட். வெண்கலத்தைத் தொட்டா கையில ஒட்டாது, வெண்கலம்தான் பளபளக்கும். விளம்பரத் தாள்ல இருக்கிற தலைக்கு உதடு மின்னுது. உன் போட்டோவுல உதடு மூஞ்சி மாதிரியே மங்கலா இருக்கு. எத்தனையோ வருஷமா விரல் பட்ட உதடு ஒரே நாள்ல எப்படி மங்கும்? அசல் எப்பவோ கை மாறிடுச்சு. நகலை வெச்சதும் வீட்டுக்காரருக்குத் திடீர்னு விரல் மேல அருவருப்பு வந்தது, தொடாதீர்கள்னு போர்டு வந்தது. தொட்டா பெயின்ட் போயிடும் இல்லையா?"

அண்ணன் கைக்குட்டையால் உள்ளங்கையைத் துடைத்துக்கொண்டார். "யாரோ திருடன் மாத்தி வெச்சிருப்பான்."

"திருடன் மாத்தி வெச்ச பொம்மையை உடைச்சுப் பேப்பர்ல சுத்தி, உங்க தொட்டியில அடியில போட்டது யாரு? நாளைக்கு ஆபீஸ்ல இருந்து வர்றவன் தூக்கிப் பார்த்தா கனமே இருக்காது. அதனால இன்னிக்கே தலை காணாமப் போகணும். இந்த நாத்தத்துல எவனும் கையை விட மாட்டான்னு நம்பினீங்க. என் மச்சானை நீங்க எதிர்பார்க்கலை."

"ஆனா ஏன் சார் என்னை?" என்றாள் அவள். "வேற யார் மேலயாவது சொல்லியிருக்கலாமே."

இந்த ஒன்றைச் சொல்லத்தான் சர்வேயருக்கு நாக்கு கூசியது.

"வெளி ஆள் மேல பழி போட்டா அவன் சும்மா இருக்க மாட்டான், போலீஸ் வரும், தேடும். தங்கச்சின்னா வாயை மூடிக்கிட்டுப் போயிடுவா. கத்திச் சண்டை போட்டாகூட குடும்ப மானம்னு கடைசியில அடங்கிடுவா. உன் பாசத்தை நம்பித்தாம்மா உன் மேல போட்டார். உனக்கு முதுகுக்குப் பின்னாடி பார்க்கிற பழக்கம் இல்லைன்னு வீட்டு ஆளுக்குத்தானே தெரியும்?"

அண்ணன் குரலைத் தாழ்த்தி, அதே குழைவோடு தங்கையின் பக்கம் திரும்பினார்.

"வித்துட்டேன்தான். வீடு ஒழுகுது, என்ன பண்ணச் சொல்றே? உனக்கு ஒண்ணும் ஆகாது, புகாரே கொடுக்கலை. இதை வெளியில விட்டுடாதே. அப்பா பேரு என்ன ஆகும்? நீயும் இந்த வீட்டுப் பொண்ணுதானே."

காலையில் அவளைத் திருடியாக்கியபோது அப்பாவின் பெயர் அவருக்கு நினைவுக்கு வரவில்லை. சர்வேயருக்குக் குமட்டிக்கொண்டு வந்தது. தூணைப் பிடித்துக்கொண்டார்.

வாசலில் பேச்சுச் சத்தம் கேட்டது. மாலை நடைக்கான கூட்டம் வந்துவிட்டது.

"அனுப்பிடு" என்றார் அண்ணன். "இன்னிக்கு இல்லைன்னு சொல்லு. உள்ள உட்கார்ந்து பேசிக்கலாம்."

அவள் அட்டையை நேராக்கிக்கொண்டு போய்க் கதவைத் திறந்தாள். வழக்கம்போலக் கூட்டத்தைப் பார்த்தபடி, பின்னால் நடந்தே முற்றத்துக்குள் வந்தாள். மாடத்துக்கு முன்னால் நின்றாள். இடது கை பழக்கத்தில் தோளுக்கு மேல் உயர்ந்தது, பாதியில் நின்றது. பிறகு அவள் திரும்பினாள். கூட்டத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, காலியான அந்த இருட்டை நன்றாகப் பார்த்தாள். கூட்டம் ஒன்றும் புரியாமல் காத்திருந்தது.

"இங்க ஒரு பொண்ணோட தலை இருந்தது" என்றாள், மீண்டும் அவர்கள் பக்கம் திரும்பி. "உதடு மின்னுதுன்னு தினமும் சொன்னேன். மின்னலை. கேட்டவங்க எல்லாரும் ஆமான்னாங்க. நகைக்காக கொழுந்தன் கொன்னான்னு சொன்னேன். அது நாங்க கட்டின கதை. இன்னிக்கு நடந்த கதையைச் சொல்றேன். தலையை வித்த ஒருத்தர், பழியைத் தங்கச்சி மேல போட்டார்."

கை மறுபடி உயர்ந்தது. இந்தத் தடவை மாடத்தைக் காட்டவில்லை.

"அவர் இங்கதான் நிக்கிறார். நல்லாப் பார்த்துக்குங்க."

எல்லாத் தலைகளும் அந்தப் பக்கம் திரும்பின. அண்ணன் சிரிக்கப் பார்த்தார், முடியவில்லை. கூட்டத்தில் ஒருவர் மெதுவாகக் கேமராவைத் தூக்கினார். சர்வேயர் அவரைத் தடுக்கவில்லை.